நாலாம் பாட்டு

— கதிரவன் எண்டது பேர் இல்லைப் பிள்ளை. அது கட்சி சூட்டின பேர். பெத்த தாய் தகப்பன் வைச்ச பேரைச் சொல்லும். நாளைக்கு மோட்ச அருச்சனையிலை ஐயர் அதைத்தான் உச்சரிக்க வேணும்.

— அதுதானே மாஸ்டர் சொல்லுறன். எனக்கு அது தெரியாது.

— புருசன்ர பேர் பெண்சாதிக்குத் தெரியாதோ?

— தெரியாது.

— நட்சத்திரம்?

— தெரியாது.

— ஊர்?

— கேக்கேல்லை.

— சிவசிவா. துர்க்கா, காலமை தொடக்கம் இந்த மண்டப வாசல் மட்டும் சனம் நிண்டது. யுத்தம் முடிஞ்சுதாம், இனி ஆற்றை பேரை ஒளிக்கிறது எண்டு எல்லாரும் வந்து என்ர காதிலை சொல்லிப்போட்டுப் போகினம். ஒரு தாய் தன்ர மூண்டு பிள்ளையளின்ர பேரையும் கண் கலங்காமல் சொன்னா. நான் மூண்டையும் கொப்பியிலை எழுதினன். ஆனால் செத்தவற்றை பேர் தெரியாமல் வந்து நிக்கிறது நீர் ஒருத்திதான்.

— கதிரவன் எண்டே சொல்லச் சொல்லுங்கோவன். கடவுளுக்கு விளங்காதோ?

— கடவுளுக்கு விளங்கும். ஐயருக்கு விளங்காது.

— நீங்கள் சொன்னால் ஐயர் கேப்பார். இந்தக் கோயிலிலை பதிகம் பாடுறது நீங்கள்தானே. ஸ்காபரோவிலை எல்லாரும் அதுதான் சொல்லுகினம், அருள்நாயகம் மாஸ்டரிட்டைப் போ, அவர் ஒருத்தரையும் திருப்பி அனுப்பார் எண்டு. மல்வேர்னிலையிருந்து ரெண்டு பஸ் பிடிச்சு வந்தனான்.

— திருப்பி அனுப்பேல்லைப் பிள்ளை. இரும். அந்தக் கதிரையை இழுத்துப்போட்டு இரும். கலியாண எழுத்திலையெண்டாலும் ஒரு பேர் இருந்திருக்குமே?

— எழுத்து இல்லை, ஐயர் இல்லை, தாலியும் இல்லை. ஒரு புகையிலைக் குடிலுக்குள்ளை செங்கொடியைக் கட்டிப்போட்டு, அதுக்கு முன்னாலை ரெண்டு பேரும் கையைப் பிடிச்சம். இரத்தினவேல் தோழர் நாலு வசனம் பேசினார். பேந்து எல்லாரும் பனங்கட்டியோடை தேத்தண்ணி குடிச்சம். அவ்வளவுதான். உண்மையா சொல்லுறன், அதைவிட வடிவான கலியாணம் நான் இஞ்சை ஒரு மண்டபத்திலையும் காணேல்லை.

— எந்தக் கட்சி?

— உழைப்பவர் சமதர்மக் கட்சி. உங்களுக்குத் தெரிஞ்சிராது. சனம் செம்மண் கட்சி எண்டு சொல்லும்.

— தெரியும்.

— என்ன மாஸ்டர், முகம் ஒரு மாதிரிப் போகுது?

— ஒண்டுமில்லை. நீர் சொல்லும். கட்டினவனிட்டை ஊர் கேக்கக் கூடாது எண்டு என்ன விரதம் அது?

— கட்சியின்ர முதல் சட்டம் மாஸ்டர். தோழரிட்டை ஊர் கேக்கக் கூடாது, தகப்பன் பேர் கேக்கக் கூடாது. ஊரிலை எவடம், எந்தக் கோயிலடி, ஆற்றை பேரன் எண்டு மூண்டு கேள்வி கேட்டால் போதுமே எங்கட சனத்துக்கு, சாதியைக் கையிலை எடுத்துடுவினம். கேள்வியையே வெட்டிப்போட்டால் சாதி பட்டுப்போகும் எண்டு நினைச்சம்.

— பட்டுப்போச்சுதோ?

— எங்கை. போன கிழமை மிசிசாகாவிலை, நான் வேலை செய்யிற விமானச் சாப்பாட்டுக் கிச்சினிலை, புதுசா ஒரு அன்ரி வந்தவ. முதல் நாள். ட்ரேயை அடுக்கிக்கொண்டே கேட்டா, 'பிள்ளை ஊரிலை எவடம்?' எண்டு. நான் 'மல்வேர்ன்' எண்டன். 'அதில்லைப் பிள்ளை, அங்கை.' 'அங்கையோ, மல்வேர்ன் மோலுக்குப் பின்பக்கம்' எண்டன். பேந்து என்னோடை கதைக்கேல்லை.

— நானும் இப்பத்தான் கேட்டனான்.

— ஓம். நீங்களும் கேட்டனீங்கள்.

— நான் அருச்சனைக்குக் கேட்டனான் துர்க்கா.

— கேக்கிறவை எல்லாரிட்டையும் ஒரு காரணம் இருக்கும் மாஸ்டர்.

— சரி. கோபிக்க வேண்டாம். ஆனால் உங்கட கட்சி ஆட்சியைப் பிடிச்ச விதம் எனக்கும் கொஞ்சம் தெரியும். துவக்கை நீட்டிக்கொண்டு வந்தவை, பிடிச்சவை. புரட்சி எண்டு அதுக்கொரு பட்டுச் சால்வை போர்த்தவை.

— துவக்குக் கடைசியா வந்தது. முதல் வந்தது வெங்காயம்.

— வெங்காயமோ?

— ஓம். நடுகைக் காலம். நாங்கள் தோட்டக்காரரின்ர காணியிலை வெங்காயம் நடுற சனம், விளங்குதோ. பொழுதுபடக் கூலியைக் கையிலை தரமாட்டினம். வரம்பிலை வைச்சுப்போட்டு விலகி நிப்பினம், நாங்கள் குனிஞ்சு எடுக்கவேணும். அந்த வருசம்தான் கதிரவன் எங்கட பக்கத்துக்கு வந்தவர். குடிலுக்குள்ளை பொம்பிளையளை இருத்திப் பாடம் எடுத்தார். உபரிமதிப்பு, உற்பத்தி உறவு எண்டு ஏதோ சொன்னார். எங்கட அம்மா கொட்டாவி விட்டா. பேந்து அவவே கேட்டா, 'தம்பி, உதெல்லாம் கிடக்கட்டும். காசைக் கையிலை தரச்சொல்லிக் கேக்கலாமோ?' எண்டு.

— அவர் என்ன சொன்னார்?

— சோக்குக் கட்டியைக் கீழை வைச்சுப்போட்டு, 'அம்மா, இனி நீங்கள் பாடம் எடுங்கோ' எண்டார். அடுத்தநாள் ஒருத்தியும் நடுகைக்குக் கை வைக்கேல்லை. எல்லாரும் வரம்பிலை குந்திக்கொண்டிருந்தம். விதைவெங்காயம் சாக்குக்குள்ளை கிடந்து முளைவிடுது. தோட்டக்காரர் பக்கத்து ஊரிலையிருந்து வேறை சனத்தை லொறியிலை இறக்கிச்சினம். எங்கட பொம்பிளையள் ஒரு ஏச்சும் ஏசேல்லை. குடத்திலை தண்ணி கொண்டுபோய்க் குடுத்து, என்னத்துக்கு இருக்கிறம் எண்டு சொன்னம். வந்ததுகளும் பக்கத்திலை குந்தீட்டுதுகள்.

— வென்றியளோ?

— கடைசியா ஒரு முதலாளி வந்து, எங்கட அம்மாவின்ர உள்ளங்கையிலை காசை வைச்சார். விரல் பட்டிட்டுது. அவர் உடனை வேட்டியிலை கையைத் துடைச்சவர். அம்மா வீட்டை வந்து அந்தக் கையைக் கழுவாமல் சோறு தின்னாமல் இருந்தவ. மாஸ்டர், கட்சி பிறந்தது அண்டைக்குத்தான். அதுக்கு முந்தி அது கதிரவன்ர வாயிலை இருந்த சொல்லு மட்டும்தான்.

— அதுக்குப் பிறகு?

— பேந்து நல்லதண்ணிக் கிணறு. பூட்டுப் போட்டிருந்தது. ஏழு ஊர்ச் சனமும் வாளியோடை போய்ச் சுத்திவர இருந்தம். ஒருத்தரும் அள்ளேல்லை, ஒருத்தரையும் அள்ள விடவும் இல்லை. பூட்டை நாங்கள் உடைக்கேல்லை மாஸ்டர். பூட்டினவற்றை வீட்டிலையும் குடம் வெறுமையாக, அவரே திறப்போடை வந்தார்.

— அது அறம்தான். மறுக்கேல்லை. ஆனால் கிணத்தடியிலையிருந்து அரியாசனத்துக்கு எப்பிடி ஏறினியள்?

— ஏறேல்லை. அது கீழை விழுந்து கிடந்தது. சண்டை துவங்கினவுடனை பொலிஸ் முகாமுக்குள்ளை ஒடுங்கிட்டுது. ஊர் அதிகாரி விதானையார் கொழும்புக்குப் போயிட்டார். கூப்பன் அரிசி குடுக்கிற சங்கக்கடை பூட்டிக் கிடந்தது, பள்ளிக்கூடத்திலை ஆடு படுத்தது. ஏழு ஊர்க் கமிற்றியும் வேப்பமரத்துக்குக் கீழை கூடி, கையை உயத்தி, இனி அரசாங்கம் நாங்கள்தான் எண்டு சொன்னம். பகல் வெளிச்சத்திலை. சங்கக்கடையின்ர கூரையிலை கொடி ஏறினது. எங்கட அம்மா சங்கக்கடைத் தலைவி. எழுத்து வாசனை தெரியாது அவவுக்கு. பெருவிரலாலை ஆண்டா.

— வெறுங்கதிரையிலை போய் இருக்கிறதுக்குப் பேர் புரட்சியோ?

— அந்தக் கதிரையிலை எங்கட அம்மா இருந்ததுக்குப் பேர் புரட்சி.

— நல்லாக் கதைக்கிறீர் பிள்ளை. அப்ப துவக்கு?

— வந்துது. ஆட்சி எங்களிட்டை வந்த உடனை அதைக் காக்கவேணும் எண்டு மேலிடம் சொன்னது. துவக்கு வந்த நாள் தொடக்கம் கூட்டத்திலை கேள்வி குறைஞ்சுது. முந்தி அம்மா எழும்பி 'தம்பி, உது பிழை' எண்டு சொல்லுவா. பேந்து அம்மாவும் சொல்லேல்லை. மா மூட்டையை ஒளிச்ச ஒரு மனுசனைச் சங்கக்கடை முத்தத்திலை மரத்தோடை கட்டிச்சினம். அந்தாளும் ஏழைதான். கதிரவன் போய்க் கட்டை அவிழ்த்துவிட்டவர். அதுக்கு மேலிடம் அவரைக் கூப்பிட்டு நிக்கவைச்சு ஏசினது. நான் உங்களுக்கு ஒண்டையும் மறைக்கேல்லை, விளங்குதோ.

— மறைக்க வேண்டாம். நானும் மறைக்கப் போறேல்லை. ஊர் சொல்லக்கூடாது எண்டு எனக்கு ஒரு சட்டமும் இல்லை. என்ர ஊர் நாவற்சிட்டி.

— நாவற்சிட்டியோ?

— ஓம். நாவலடி ஈசன் சந்நிதி. நாலு தலைமுறையா அங்கை பதிகம் பாடினது எங்கட குடும்பம். அந்த ஈசன்மேல் எங்கட பூட்டனார் பாடின ஒரு பதிகம் இருக்கு. அது ஏட்டிலும் இல்லை, அச்சிலும் இல்லை. எங்கட நாவிலை மட்டும்தான். தினமும் காலமைப் பூசையிலை நான் அதைப் பாடுவன். அப்பிடி ஒரு வெள்ளிக்கிழமை உங்கட கட்சி வந்தது.

— அண்டைக்கு... நீங்கள் அங்கை நிண்டனீங்களோ?

— நிண்டன். தெற்கு வாசலைத் திறந்தவை. அது திறந்து நான் ஒருநாளும் கண்டதில்லை. சனம் வெள்ளம்போல உள்ளை வந்தது. எங்கட ஆக்கள் ஓடிச்சினம்; நான் ஓடேல்லை. ஈசன் எல்லாருக்கும் பொது எண்டு பாடின வாய்தானே, பொறுத்துக்கொண்டு நிண்டன். அப்ப ஒருத்தன், முகத்திலை துவாய் கட்டினவன், தோளிலை துவக்கு, எனக்கு நேர் முன்னாலை வந்து நிண்டு சொன்னான்: 'வாத்தியார், பதிகத்தைப் பாடுங்கோ. இண்டைக்கு மணி வேண்டாம்.' கேட்டீரோ துர்க்கா? சந்நிதியிலை நிண்டுகொண்டு மணி வேண்டாமாம்!

— நீங்கள் என்ன சொன்னனீங்கள்?

— 'மணி ஓய்ஞ்ச கோயிலிலை என்ர நாவும் ஓய்ஞ்சிடும்' எண்டன். சால்வையை உதறித் தோளிலை போட்டுக்கொண்டு வடக்கு வாசலாலை வெளிக்கிட்டன். அண்டைக்கு வெளிக்கிட்டவன்தான், கொழும்பு, பேந்து இந்தப் பனி. நாத்திகன்ர துவக்குக்கு முன்னாலை பாடாத வாய் எண்டு இஞ்சை எல்லாருக்கும் தெரியும். அதுதான் நான் கொண்டுவந்த சீதனம்.

— மாஸ்டர், அந்தத் துவாய் என்ன நிறம்?

— என்னத்துக்கு? வெள்ளை. கரையிலை பச்சைக் கோடு.

— அது என்ர துவாய்.

— என்ன?

— நான்தான் கட்டிவிட்டனான். பின்பக்கம் முடிச்சுப் போட்டது நான். கட்சி ஆரையும் சொந்த ஊருக்கு அனுப்பாது. அவர் மேலிடத்திட்டைக் கெஞ்சிக் கேட்டவர், அந்த ஒரு நாள், அந்த ஒரு கோயிலுக்கு மட்டும் தன்னை விடச் சொல்லி. முகத்தை மூடிக்கொண்டு போ எண்டு விட்டவை. அதாலைதான் அது அவற்றை ஊர் எண்டு நான் ஊகிச்சனான்.

— சிவசிவா.

— பின்னேரம் திரும்பி வந்து தின்னப் பிடிக்கேல்லை எண்டு கோப்பையைத் தள்ளி வைச்சவர். ஏழு ஊரும் வெடி கொளுத்திக் கொண்டாடுது, ஆட்சியைப் பிடிச்சவர் மூலையிலை குந்திக்கொண்டிருக்கிறார். ஏன் எண்டு கேட்டன். 'வாத்தியார் பாடேல்லை' எண்டார். வேறை ஒண்டும் சொல்லேல்லை.

— நான் எழும்பிறன் பிள்ளை.

— மாஸ்டர்!

— உம்மிலை எனக்கு ஒரு குறையும் இல்லை. ஐயரிட்டைச் சொல்லிவிடுறன், அருச்சனை நடக்கும். ஆனால் என்னைப் பாடச் சொல்லிக் கேக்க வேண்டாம். ஈசன்ர மணியை நிப்பாட்டினவனுக்கு என்ர நாவு வராது.

— இருங்கோ மாஸ்டர். உங்களைக் கும்பிட்டுக் கேக்கிறன், இருங்கோ. நாவற்சிட்டி எண்டு சொன்னனீங்கள்தானே. அப்ப அவற்றை பேர் உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்! அவர் உங்கட ஆள்.

— எங்கட ஆளோ?

— ஓம். உங்கட சாதி, உங்கட கோயில், மதிலுக்கு உள்ளை நிண்ட பிள்ளை. அவர் சொல்லேல்லை; நானும் கேக்கேல்லை. ஆனால் அவருக்குப் பதிகம் தெரியும் மாஸ்டர். பண்ணோடை, தாளத்தோடை, பிசகாமல். குடிலுக்குள்ளை தனிய இருக்கேக்கை முணுமுணுப்பார். எங்கட ஆக்களுக்கு உதையெல்லாம் ஆர் படிப்பிச்சவை? அப்பவே எனக்கு விளங்கீட்டுது, இவர் பெரிய வீட்டுப் பிள்ளை எண்டு. உங்கட ஊரிலை எந்த வீட்டுப் பெடியன் செம்மண் கட்சிக்குப் போனவன் எண்டு சொல்லுங்கோ. அதுதான் பேர்.

— போகேல்லை.

— நினைச்சுப் பாருங்கோ.

— நினைக்க என்ன கிடக்கு? உள்ளை நிண்ட ஒவ்வொரு வீட்டுப் பிள்ளையையும் எனக்குத் தெரியும். எல்லாருக்கும் நான்தான் ஏடு தொடக்கினது. ஒருத்தர் டொக்டர், ஒருத்தர் இஞ்சை யூனியன்வில்லிலை இருக்கிறார், பெரிய இயக்கத்துக்குப் போய் ரெண்டு பேர் செத்தவை. செம்மண் கட்சிக்கு ஒருத்தரும் போகேல்லை.

— இல்லை மாஸ்டர், போயிருக்கிறார். எனக்கு அவற்றை பேர் வேணும். என்ர மகள் நாளைக்குக் கும்பிடேக்கை தகப்பனை என்னெண்டு சொல்லிக் கும்பிடுறது?

— அவர் ஏன் உம்மோடை இஞ்சை வரேல்லை?

— அந்த வருச வெங்காயம் கிளப்ப முந்தியே ஆட்சி போச்சு. பெரிய இயக்கம் ஒரு காலமை ரக்ரரிலை வந்து இறங்கினது. கட்சி தடை, துவக்கைத் தா எண்டது. இரத்தினவேல் தோழர் தரமாட்டன் எண்டவர். சூடுபட்டுச் சங்கக்கடை வாசலிலையே கிடந்தார். எனக்கு வயித்திலை மகள். கதிரவன் என்னை ஒரு சனத்தோடை கொழும்புக்கு அனுப்பிவிட்டிட்டு, பின்னாலை வாறன் எண்டவர். வரேல்லை. எங்கட வெங்காயச் சனம் இடம்பெயர்ந்து வன்னிக்குப் போக, அதுகளோடை போனவர். சமாதான காலத்திலை நான் ஸ்பொன்சர் செய்யிறன் வாருங்கோ எண்டு போனிலை அழுதன். 'இந்தச் சனத்தை ஆரிட்டை விட்டிட்டு வாறது?' எண்டார். அங்கை ஒரு கொட்டிலிலை பிள்ளையளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தினவர். அவ்வளவுதான் மிஞ்சின ஆட்சி.

— கடைசியாக் கதைச்சது?

— சித்திரைமட்டிலை. ஆரோ ஒருத்தற்றை சற்றலைட் போனிலை. பின்னாலை ஷெல் விழுற சத்தம். எனக்கு விசர் மாதிரி. இத்தினை வருசமும் அடக்கி வைச்சிருந்ததைக் கக்கீட்டன். 'உமக்கென்ன, பெரிய வீட்டுப் பிள்ளை, எண்டைக்கும் போய் நிக்க மதிலுக்குள்ளை உமக்கு ஒரு இடம் கிடக்கு. எனக்கு ஆர் இருக்கினம்?' எண்டு கேட்டன். சட்டத்தை மீறி ஒரேயொரு தரம்.

— என்ன சொன்னார்?

— சிரிச்சவர்.

— சிரிச்சவரோ?

— நல்லா, வாய் விட்டு. எனக்குக் கோபம் தலைக்கேறினது. பேந்து லைன் கட். அவ்வளவுதான். போன கிழமை அகதி முகாமிலையிருந்து மரியரட்ணம் தோழர் எடுத்தவர். பங்கருக்குள்ளை கிடந்த சனத்துக்குத் தண்ணி எடுக்கப் போனவராம். வாளி மட்டும்தான் கிடந்ததாம்.

— ...அழும் பிள்ளை. அழும். இஞ்சை ஒருத்தரும் பாக்கேல்லை.

— அழேல்லை மாஸ்டர். சிரிப்புத்தான் காதிலை நிக்குது.

— அம்மா! இஞ்சையா இருக்கிறீங்கள்? எல்லா இடமும் தேடிட்டன்.

— வா றோசா. இதுதான் மகள் மாஸ்டர். என்னடி குரல் இது?

— போச்சு. காலமை இருந்து ஆர்ப்பாட்டத்திலை கத்தினது. யூனிவேர்சிட்டி அவெனியூவிலை பொலிஸ் எங்களைச் சைட்வோக்குக்குத் தள்ளிட்டுது. ஆர்தான் கேக்கினம்? வார் முடிஞ்சுது, வீட்டை போங்கோ எண்டு ஒருத்தன் காருக்குள்ளை இருந்து சொல்லுறான். ஹாய் தாத்தா. சொறி, எனக்கு வொய்ஸ் இல்லை.

— இரும் மகள். நல்ல பேர், றோசா. பூவின்ர பேர்.

— பூ இல்லை தாத்தா. அப்பா வைச்சது. எங்கையோ ஒரு நாட்டிலை சுட்டுக் கொல்லப்பட்ட தோழியின்ர பேராம். எல்லாருக்கும் எக்ஸ்பிளெயின் பண்ணி எனக்குக் களைச்சுப்போச்சு.

— றோசா, அப்பா உனக்குப் போனிலை பாடுறவரெல்லோ, அதை மாஸ்டருக்குப் பாடிக் காட்டு.

— அம்மா! இப்பவா? இந்தக் குரலிலையா?

— பாடு குஞ்சு. மாஸ்டர் நம்பமாட்டன் எண்டுறார். அப்பா கோயிலுக்குள்ளை நிண்ட பிள்ளைதான் எண்டு இவர் கேட்டு அறியட்டும்.

— எல்லாம் பாட ஏலாது. எனக்குப் பிடிச்ச ஒண்டு பாடுறன். நாலாவது. சின்னனிலை போன் கார்ட் முடியிறதுக்குள்ளை எப்பிடியும் இதைப் பாட வைப்பன். ஓகே. 'நாவல்நீழல் அமர்ந்தானே, நஞ்சமுண்ட மிடற்றானே... டாண், டாண், டாண், டாண்... டாண், டாண், டாண், டாண்... ஆவல்கொண்டு வந்துநின்றேன், அஞ்சலென்று சொல்லாயே.'

— நில்லும்.

— என்ன, பிழையோ?

— நடுவிலை என்ன பாடினீர்?

— பெல்.

— என்ன பெல்?

— பெல் சவுண்ட் தாத்தா. அது பாட்டிலை இருக்கிறதுதானே? அப்பா அப்பிடித்தான் பாடுவார். அதுதான் எனக்கு ஃபேவரிட் பார்ட்.

— முதலாம் பாட்டிலை உந்த மணி வருமோ? ரெண்டாவதிலை, அஞ்சாவதிலை?

— இல்லை. மற்றது எல்லாம் முழுசா வேர்ட்ஸ் இருக்கு. நாலாவதிலை மட்டும்தான், நடு ரெண்டு லைனும் பெல்.

— அது அவர் மறந்துபோனார் மாஸ்டர். எத்தினை வருசம்.

— மறக்கேல்லைத் துர்க்கா. அவருக்கு அது கேக்கேல்லை.

— எனக்கு விளங்கேல்லை.

— நாலாம் பாட்டின்ர நடுவிலைதான் ஐயர் தீபம் காட்டுறது. அப்ப கண்டாமணி அடிக்கும். உள்ளை நிண்டவைக்கு மணிக்கு மேலாலையும் என்ர குரல் கேக்கும். உள்ளை நிண்ட எந்தப் பிள்ளைக்கும் அந்த ரெண்டு அடியும் தெரியாமல் இராது. ஆனால் மணிக்கோபுரம் தெற்கு மதிலோடை ஒட்டினது. அந்த மதிலுக்கு வெளியிலை நிண்டு கேக்கிறவைக்கு மற்ற ஒன்பது பாட்டும் கேக்கும். நாலாம் பாட்டின்ர நடு ரெண்டு அடியிலை மணி மட்டும்தான் கேக்கும்.

— வெளியிலையோ?

— வெளியிலை.

— அப்ப அவர்...

— உள்ளுக்கு நிண்டவர் இல்லைப் பிள்ளை. உம்மைப்போல.

— என்னைப்போலவோ. ...ஐயோ. மதிலுக்குள்ளை உமக்கு இடம் கிடக்கு எண்டு சொன்னன் மாஸ்டர். அதுக்குத்தான் சிரிச்சவர். ஷெல்லுக்குள்ளை நிண்டு சிரிச்சவர். நான்... என்ர வாயாலை...

— அம்மா, அழாதீங்கோ. அம்மா.

— மாஸ்டர், அப்ப பேர்? வெளியிலை நிண்ட சனத்தை உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்தானே. தினமும் வந்து நிண்டிருப்பார். ஒரு பெடியன், மதிலோடை ஒட்டிக்கொண்டு. ஆற்றையோ மகன். நினைச்சுப் பாருங்கோ, என்னெண்டு கூப்பிடுறவை?

— தெரியாது.

— ஒருத்தற்றை பேருமோ?

— அந்த மதிலுக்கு வெளியிலை நிண்ட ஒருத்தற்றை பேரும் எனக்குத் தெரியாது பிள்ளை. நான் கேக்கேல்லை. எனக்கு ஒரு கட்சியும் சட்டம் போடவும் இல்லை.

— தாத்தா, ஒரு நிமிசம். அப்ப அந்தப் பாட்டைப் பாடுற ஆள் நீங்கள்தானா? கோயிலிலை?

— ஓம் மகள்.

— ஓ மை கோட். அப்பா உங்களைப் பற்றிச் சொன்னவர்.

— என்ன சொன்னவர்?

— எனக்கு ஒரு பத்து வயசு இருக்கும். பெல்லுக்குள்ளை உண்மையா என்ன வேர்ட்ஸ் இருக்கு எண்டு கேட்டனான். 'தெரியாது குஞ்சு. அதைப் பாடுறவர் ஒருத்தர்தான். ஒருக்காப் போய்க் கேட்டனான்' எண்டவர். சொன்னவரோ எண்டு கேட்டன். 'இல்லை. அண்டைக்கு அவருக்குச் சுகமில்லைப் போல, பாடேல்லை' எண்டவர்.

— சுகமில்லை எண்டோ சொன்னவர்?

— ஓம். உங்களுக்கு அண்டைக்கு என்ன வருத்தம் தாத்தா?

— மாஸ்டர், சொல்லுங்கோ. பிள்ளை கேக்குது.

— ...'காவல்மதில் உட்புறத்தே காணாத கழலானே. ஏவல்செயும் அடியாரோடு இருள்வெளியில் நின்றானே.'

— உதுதானோ?

— உதுதான்.

— மீனிங் என்ன அம்மா?

— மதிலுக்கு உள்ளை எவ்வளவு தேடினாலும் சாமியின்ர காலைக் காண ஏலாதாம், குஞ்சு. சாமி வேலைக்காரச் சனத்தோடை வெளியிலை, இருட்டுக்குள்ளை நிண்டவராம். மாஸ்டர், இதையோ? இதையோ நீங்கள் தினமும் மணியடிச்சு மறைச்சனீங்கள்?

— அந்தப் போனை எடுத்துத் தாரும் மகள். ஐயற்றை நம்பர் மேலை கிடக்கு, அமத்தும்.

— அடிக்குது தாத்தா. இந்தாங்கோ.

— வணக்கம் ஐயா, அருள்நாயகம் கதைக்கிறன். நாளையான் அருச்சனைக்கு இன்னும் ஒரு பேர். கதிரவன். ஓம், அதுதான் பேர். நட்சத்திரம் தெரியாது. ஊர் நாவற்சிட்டி, என்ர ஊர்தான். பதிகம் நான் பாடுறன். இன்னுமொண்டு ஐயா: நாலாம் பாட்டுக்கு மணி வேண்டாம்.